சுயாதீனத் திரைப்படமும் இசையமைப்பாளரின் முதல் முடிவும்

சுயாதீனத் திரைப்படம் என்னும் பெயர் ஒரு படத்தின் நீளத்தையோ செலவையோ குறிப்பதன்று. படத்தில் என்ன இருக்க வேண்டும் என்பதைப் பணம் போடுபவரும் விநியோகஸ்தரும் முன்கூட்டியே வரையறுத்துவிடாமல், இயக்குநரும் அவரைச் சூழ்ந்த சிறு குழுவும் தீர்மானிக்கும் ஏற்பாட்டையே அது குறிக்கிறது. இந்த ஏற்பாடு ஒளிப்பதிவிலும் நடிப்பிலும் கதைத் தேர்விலும் கொண்டுவந்த மாற்றங்களை விமர்சகர்கள் விரிவாகவே எழுதியிருக்கிறார்கள். இசையைப் பற்றிப் பேச்சு வரும்போது மட்டும், கையில் பணம் குறைவு, ஆகவே வாத்தியங்கள் குறைவு, ஆகவே இசையும் குறைவு என்ற எளிய கணக்கோடு அது முடிந்துவிடுகிறது. அந்தக் கணக்கு முற்றிலும் பிழையானதன்று. ஆயினும் அது விளக்குவதைவிட மறைப்பதே மிகுதி. இந்தியாவின் குறிப்பிடத்தக்க சுயாதீனப் படங்கள் சிலவற்றை ஒலிக்காகவே திரும்பக் கேட்டுப் பார்த்தால், எங்கே இசை வேண்டாம் என்று முடிவு செய்வதே இசையமைப்பாளரின் முதல் வேலையாக அவற்றில் இருந்தது என்பதும், எந்த மெட்டு, எந்த வாத்தியம் என்ற கேள்விகள் அதன் பிறகே எழுந்தன என்பதும் தெளிவாகும். இவ்வுரை அந்த முதல் முடிவைப் பற்றியது.

முதலில் வணிகத் திரைப்படத்தின் வேலைமுறையைச் சிறிது நினைவுகூர வேண்டும். பின்னணி இசைக்குத் தமிழ்த் திரையுலகில் இன்றும் வழங்கும் பெயர் ரீ-ரெக்கார்டிங். படத்தொகுப்பு முடிந்த படத்தைச் சுருள் சுருளாகத் திரையில் ஓட்டி, அதைப் பார்த்தபடியே நடத்துநர் கையசைக்க, வாத்தியக் குழு மொத்தமாக அமர்ந்து வாசித்துப் பதிவு செய்த காலத்தில் அப்பெயர் நிலைபெற்றது. 35 மி.மீ. சுருளில் 1,000 அடி என்பது நொடிக்கு 24 சட்டகங்கள் என்ற வேகத்தில் ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். இரண்டரை மணி நேரப் படத்துக்குப் பதினான்கு சுருள்களுக்குக் குறையாது. ஒலிப்பதிவுக் கூடத்தின் வாடகையும் கலைஞர்களின் கால்ஷீட் ஊதியமும் நேரத்தைக் கொண்டே கணக்கிடப்பட்டதால், இசையமைப்பாளர் சுருளைப் பார்த்த சூட்டோடு எழுதிப் பதிவும் செய்துவிட வேண்டியிருந்தது. அந்த அவசரத்துக்குள்ளேயே மேதைகள் பெரும் இசையைப் படைத்தார்கள் என்பதில் ஐயமில்லை. ஆனால் அம்முறையோடு ஒரு பழக்கமும் வளர்ந்தது: சுருளில் வெறுமை விடக்கூடாது என்பது. பாத்திரம் அழுதால் வயலின்களும் அழுதன. கதவு திறந்தால் தந்திகள் அதிர்ந்தன. திரையில் தெரிவதையே காதுக்கும் மறுமுறை சொல்லும் இந்தப் பழக்கத்திலிருந்து விலகும் உரிமையே சுயாதீனப் படம் இசையமைப்பாளருக்கு அளித்த முதற்கொடை.

அந்த உரிமையைப் பயன்படுத்த முதலில் முன்வந்தவர்கள் திரையிசைக் கூடங்களிலிருந்து வந்தவர்கள் அல்லர் என்பது கவனிக்கத்தக்கது. 1943இல் தோன்றிய இந்திய மக்கள் நாடக மன்றம், சுருக்கமாக இப்டா, பஞ்சத்தையும் போரையும் பற்றிய நாடகங்களையும் சேர்ந்திசைப் பாடல்களையும் தெருவுக்குக் கொண்டுசென்ற அமைப்பு. அதனோடு பணியாற்றிய இளம் சிதார் கலைஞர் ரவிசங்கர் 1946இல் கே.ஏ. அப்பாஸ் இயக்கிய ‘தர்தீ கே லால்’, சேதன் ஆனந்த் இயக்கிய ‘நீச்சா நகர்’ ஆகிய இரு படங்களுக்கும் இசையமைத்தார். பின்னது அவ்வாண்டு கான் திரைப்பட விழாவின் உயரிய விருதைப் பகிர்ந்துகொண்ட படங்களுள் ஒன்று. இயக்குநர் ரித்விக் கட்டக்கின் இசையமைப்பாளர் ஜோதிரிந்திர மொய்த்ராவும் அந்த இயக்கத்தின் பாடலாசிரியர்தாம். சென்னையில் இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசனை உருவாக்கியதும் அதே இடதுசாரிப் பண்பாட்டுச் சூழல்தான். இசை என்பது காட்சிக்குப் போடும் மெருகு அன்று, காட்சியோடு வாதிடவும் வல்ல ஒரு குரல் என்ற எண்ணம் இவர்களுக்குத் திரையை அடையும் முன்பே மேடையில் கைவந்திருந்தது.

சத்யஜித் ராயின் ‘பாதேர் பாஞ்சாலி’ இவ்வகையில் ஊன்றிக் கேட்க வேண்டிய படம். 1952இல் படப்பிடிப்பு தொடங்கி, பணம் தீர்ந்து பலமுறை நின்று, மேற்கு வங்க அரசின் நிதியுதவியால் மீண்டு, 1955இல் வெளிவந்தது அது. ரவிசங்கருக்கு அப்போது ஓயாத கச்சேரிப் பயணங்கள். முழுப்படத்தையும் பார்க்க அவருக்கு வாய்ப்பில்லை. ஏறத்தாழ பாதியை மட்டும் பார்த்துவிட்டு, ஒரே அமர்வில், ஏறத்தாழ 11 மணி நேரம் இரவெல்லாம் விழித்திருந்து, இசை முழுவதையும் பதிவு செய்து முடித்தார். காட்சிக்குக் காட்சி நேரம் அளந்து எழுத இயலாத அந்நிலையில் ராய் கடைப்பிடித்த வழி எளிமையானது: குறிப்பிட்ட மனநிலைகளுக்குரிய ராகங்களைத் தனிச்சிதாரில் மூன்று நிமிட அளவுக்கு வாசித்து வாங்கிக்கொள்வது, பின்னர் படத்தொகுப்பு மேசையில் அவற்றுக்குரிய இடத்தைத் தேடுவது. மழைக்குத் தேஷ் ராகம். கதையின் சிறுமி துர்காவின் இறப்பை ஒட்டிய துயருக்குத் தோடி. (இந்துஸ்தானித் தோடி, கர்நாடக இசையின் சுபபந்துவராளிக்கு நெருங்கியது, நம் தோடியோடு அதைக் குழப்பிக்கொள்ளலாகாது.) இவற்றுக்கிடையே ஊடாடும் மூங்கில் குழலின் முகப்பு மெட்டு, படத்தைப் பார்ப்பதற்கு முன்பே ரவிசங்கரின் மனத்தில் உருவாகியிருந்தது.

நெருக்கடியில் பிறந்த இந்த முறை ஒரு புதிய விளைவைத் தந்தது. காட்சியின் ஒவ்வோர் அசைவையும் இசை பின்தொடர இயலாமையால், இசை ஒலிக்கும் பகுதிகளும் இசையே இல்லாத பகுதிகளும் தெளிவாகப் பிரிந்து நின்றன. பாத்திரம் துலக்கும் ஓசை, பூச்சிகளின் ரீங்காரம், தந்திக் கம்பத்தின் முனகல், தொலைவில் செல்லும் ரயில் ஆகியவை இசையின் போட்டியின்றிக் கேட்டன. இசை வந்தபோது அது வந்தது என்பதை மனம் உணர்ந்தது.

அதன் உச்சம் படத்தின் இறுதிப் பகுதியில் உள்ளது. நெடுநாள் கழித்து வீடு திரும்பும் துர்காவின் தந்தை ஹரிஹர், மகள் இறந்தது அறியாமல், தான் வாங்கிவந்த பொருள்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறார். துர்காவுக்கென்று வாங்கிய சேலையை மனைவி சர்வஜயாவின் கையில் கொடுக்கிறார். அவள் அதை முகத்தோடு சேர்த்துக்கொண்டு உடைந்து அழுகிறாள். சர்வஜயாவாக நடிக்கும் கருணா பந்தோபாத்யாயின் வாய் திறந்திருக்கிறது, அழுகுரல் கேட்கவில்லை. அந்த இடத்தில் தார்ஷெனாய் ஒலிக்கிறது. தார்ஷெனாய் என்பது எஸ்ராஜ் என்னும் வில்வாத்தியத்தில் பழைய கிராமபோனுக்கு இருந்ததைப் போன்ற ஒரு குழல்வாயைப் பொருத்திச் செய்த கருவி. தந்தியின் நெகிழ்ச்சியும் ஊதுகருவியின் கூர்மையும் ஒன்றுசேர்ந்த, மனிதத் தொண்டைக்கு மிக அருகில் வரும் ஒலி அதனுடையது. தட்சிணாமோகன் தாகூர் அதில் மேல்ஸ்தாயியில் வாசித்த ராகம் பட்தீப். ஸ்வர அளவில் நம் கௌரிமனோகரிக்கு ஒப்பானது. நடிகையின் அழுகையையே ஒலித்தடத்திலிருந்து நீக்கிவிட்டு அதன் இடத்தை ஒற்றை வாத்தியத்துக்குக் கொடுத்த அம்முடிவில், இசை அழுகையோடு கூடச் சேர்ந்து அழவில்லை; அழுகைக்கு மாற்றாகவே நிற்கிறது. அழுகை, வசனம், இசை ஆகிய மூன்றையும் ஒரே நேரத்தில் ஒலிக்கவிட்டிருந்தால் அக்காட்சி எத்தனையோ படங்களில் வந்துபோன காட்சிகளுள் ஒன்றாகியிருக்கும். விடுபட்ட சில இடங்களுக்கு ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவே சிதார் வாசித்தார் என்பதும் சேர்த்து எண்ணத்தக்கது. குழு சிறிதாக இருந்ததால் கண்ணும் காதும் ஒரே ஆளிடம் கூடின.

ஆயினும் பெருங்கலைஞர்களோடு பணிபுரிவதில் ராய்க்கு ஓர் இடையூறு இருந்தது. ‘அபராஜிதோ’வுக்கும் ரவிசங்கர், ‘ஜல்சாகர்’ படத்துக்கு விலாயத் கான், ‘தேவி’க்கு அலி அக்பர் கான். ராகத்தின் முழுமையே இவர்களுக்கு முதன்மை. இயக்குநருக்கோ நாற்பது நொடியில் முடியும் காட்சியே முதன்மை. ஓர் ஆலாபனை தன் இயல்பான ஓட்டத்தில் விரிவதற்கும், படத்தின் வெட்டு விழும் இடத்தில் அது நிற்பதற்கும் உள்ள முரண் எளிதில் தீர்வதன்று. 1961இல் வெளிவந்த ‘தீன் கன்யா’ முதல் ராய் தம் படங்களுக்குத் தாமே இசையமைக்கத் தொடங்கினார். அது இயக்குநரின் தன்முனைப்பு என்று கருதுவோர் உண்டு; அதைவிடப் பொருத்தமான விளக்கம், இசை தொடங்கும் இடத்தையும் நிற்கும் இடத்தையும் முடிவு செய்பவரே இசையை எழுதுபவராகவும் இருப்பது அவருக்குத் தேவைப்பட்டது என்பதே. 1964இன் ‘சாருலதா’வில் தாகூரின் மெட்டுகளிலிருந்து எடுத்த சிறு துணுக்குகள், பாடலாக விரியாமல், வீட்டின் நீண்ட தாழ்வாரங்களில் நாயகி சாருவின் தனிமையோடு வந்துபோவதைக் கேட்கும்போது அந்த விளக்கம் வலுப்பெறுகிறது.

குறைவே சுயாதீனப் படத்தின் இலக்கணம் என்று கொள்ள முடியாதபடி ரித்விக் கட்டக் எதிர்ப்புறத்தில் நிற்கிறார். 1960இல் வந்த ‘மேகே டாக்கா தாரா’, பிரிவினையால் வீடிழந்து கல்கத்தாவின் விளிம்பில் ஒதுங்கிய ஒரு குடும்பத்தையும், அதைச் சுமந்து தேயும் மூத்த மகள் நீதாவையும் பற்றியது. அதில் ஒலி நிரம்பி வழிகிறது: இந்துஸ்தானி கியால், தாகூர் பாடல், நாட்டுப்புறப் பாடல், குறுக்கே பாயும் ரயில், அடுப்பில் கொதிக்கும் ஓசை. நீதா, தன்னை மணக்கவிருந்தவன் தன் தங்கையோடு இருப்பதை அறிந்து மாடிப்படியில் இறங்கும்போது சவுக்கடி ஓசை விழுகிறது. திரையில் சவுக்கும் இல்லை, அடிப்பவரும் இல்லை. கதைக்குள்ளிருந்து வரும் ஒலி, கதைக்கு வெளியிலிருந்து சேர்க்கப்படும் ஒலி என்று பாடநூல்கள் செய்யும் பாகுபாடு இங்கே உடைகிறது. அந்த ஓசையை இசை என்பதா, ஒலிக்குறிப்பு என்பதா என்று பிரிக்க முயல்வது வீண். இத்தனை ஒலிகள் இருந்தும் அந்த அடி உறைப்பதற்குக் காரணம், அது விழும் கணத்தில் மற்றவை வழிவிடுகின்றன என்பதுதான்.

அப்படத்துக்குத் தமிழகத்தோடு ஒரு மெய்யான தொடர்பும் உண்டு. நீதாவின் அண்ணன் சங்கர் ஆற்றங்கரை மரத்தடியில் பயிலத் தொடங்கிப் பெயர்பெற்ற பாடகனாகத் திரும்பும் வரை அவனோடு வளரும் ராகம் ஹம்சத்வனி. முத்துசாமி தீட்சிதரின் தந்தை ராமசாமி தீட்சிதர் உருவாக்கி, பின்னாளில் இந்துஸ்தானி மரபும் ஏற்றுக்கொண்ட ராகம் அது. படத்தில் அதைப் பாடிய ஏ. கானன் சென்னையில் பிறந்து கல்கத்தாவில் வாழ்ந்தவர். நம்மிடையே கச்சேரித் தொடக்கத்தின் உற்சாகத்துக்கு உரியதாக அறியப்பட்ட ராகம், அங்கே ஒருத்தியின் உழைப்பால் இன்னொருவன் அடையும் மலர்ச்சியாகக் கேட்கிறது. ராகம் மாறவில்லை, அது நிற்கும் இடம் மாறியது.

சென்னையில் சுயாதீனப் படத்தின் வழியை முதலில் எடுத்தவர்களுள் எம்.பி. சீனிவாசனுக்குத் தனி இடம் உண்டு. பிரிவினை அகதிகளைப் பற்றி 1950இல் ‘சின்னமூல்’ படத்தை எடுத்த வங்காள இயக்குநர் நிமாய் கோஷ், சென்னைக்கு வந்தபின் இயக்கிய ‘பாதை தெரியுது பார்’ 1960இல் வெளியானது. பலர் பங்குப்பணம் சேர்த்து உருவாக்கிய அப்படத்துக்கு இசையமைத்தவர் சீனிவாசன். எழுத்தாளர் ஜெயகாந்தன் பாடல் எழுதினார். பாடல்கள் இன்றும் வாழ்கின்றன. படம் திரையரங்குகளில் நிலைக்கவில்லை. வணிக வழி அவருக்குத் தாராளமாகத் திறக்காத நிலையில், சீனிவாசன் தம் பெரும்பணியைக் கேரளத்தின் புதிய படங்களிலும், தாமே தோற்றுவித்த மெட்ராஸ் யூத் கொயர் என்னும் சேர்ந்திசைக் குழுவிலும், திரையிசைக் கலைஞர்களுக்குச் சங்கம் அமைத்து அவர்களின் ஊதியத்தை ஒழுங்குபடுத்தும் முயற்சியிலும் செலவிட்டார். இந்த மூன்றும் வெவ்வேறு வேலைகள் அல்ல. வயலின் வரிசையில் கடைசியில் அமர்ந்திருப்பவரின் கூலியைப் பற்றிக் கவலைப்பட்ட ஒருவர், வரிசை முழுவதும் தேவையா, ஒரு குரல் போதுமா என்ற கேள்வியையும் பொறுப்போடு எழுப்பினார். ஜான் ஆபிரகாம் 1977இல் எடுத்த ‘அக்ரகாரத்தில் கழுதை’யில் அவர் இசையமைத்ததோடு, கழுதைக்குட்டியை ஆதரிக்கும் பேராசிரியராக முதன்மைப் பாத்திரத்திலும் நடித்தார்.

மலையாள இயக்குநர் அடூர் கோபாலகிருஷ்ணனின் முதல் கதைப்படமான ‘சுயம்வரம்’ 1972இல் வந்தபோது அதில் பாடல்களே இல்லை; அக்காலத்தில் தென்னிந்தியத் திரையில் அது சிறிய செய்தியன்று. பின்னணி இசை சீனிவாசனுடையது. படப்பிடிப்பு நடந்த இடங்களின் ஒலிக்கு அப்படம் அளித்த மதிப்பு புதியது. வேலை தேடி அலையும் கதாநாயகன் மர அறுவை மில்லில் கணக்கு எழுதும் பணியில் அமர்கிறான். அங்கே அறுவை வாளின் இரைச்சலே அவனுடைய வாழ்வுக்கு இசையாகிறது. அத்தகைய ஒலிக்கு மேலே இன்னொரு வாத்தியத்தை ஏற்றாமலிருப்பதற்கு இசையமைப்பாளருக்கு அடக்கம் மட்டும் போதாது, தம் கலையின்மீது உறுதியும் வேண்டும். அடூரின் அடுத்த படமான ‘கொடியேற்றம்’ ஒரு படி மேலே சென்று, பின்னணி இசையையே முற்றிலும் தவிர்த்தது. கோபி நடித்த சங்கரன்குட்டி, ஊர் ஊராகத் திருவிழாக்களுக்கு ஓடும் பொறுப்பற்ற வெள்ளந்தி மனிதன். அங்கே செண்டையும் வெடிச்சத்தமும் யானைகளைச் சூழ்ந்த ஆரவாரமும் கதைக்குள்ளேயே இருக்கின்றன. இசை இல்லாத படம் என்று அதைச் சொல்வது தவறு. இசையை அதற்குரிய இடத்திலேயே இருக்கவிட்ட படம் என்பதே சரி. பணமின்மையால் அது நேர்ந்தது என்று யாரும் வாதிட முடியாது, ஏனெனில் ‘சுயம்வர’த்தின் இசையைக் கேட்டு நன்கறிந்த இயக்குநரே அந்த முடிவை எடுத்தார்.

அதே 1977இல் இயக்குநர் அரவிந்தனின் ‘காஞ்சன சீதா’வுக்குச் சரோத் கலைஞர் ராஜீவ் தாராநாத் இசையமைத்தார். அப்படத்தில் சீதையை எந்த நடிகையும் ஏற்கவில்லை. காற்றிலும் இலை அசைவிலும் நீரிலும் அவள் இருப்பு உணர்த்தப்படுகிறது. ஆகவே காற்றோசை அங்கே வெறும் சூழல் ஒலியன்று, ஒரு பாத்திரத்தின் குரல். சரோத் ஒலிக்கும்போதும் ஓயும்போதும் அந்தக் குரலுக்கு வழிவிட வேண்டிய கடமை இசைக்கு இருந்தது.

தமிழில் இந்த வரலாறு இடைவெளிகளோடு செல்கிறது. ஜெயகாந்தன் 1965இல் தாமே இயக்கிய ‘உன்னைப்போல் ஒருவன்’ படத்துக்கு வீணைக் கலைஞர் சிட்டிபாபுவை இசையமைக்கச் சொன்னது, கச்சேரி மேடைக் கலைஞரை நாடிய ராயின் வழியை ஒத்தது. பாலு மகேந்திராவின் ‘வீடு’ 1988இல் வந்தபோது நிகழ்ந்தது இன்னும் சுவையானது. இளையராஜா 1986இல் வெளியிட்ட ‘ஹௌ டு நேம் இட்’ என்னும் தனி இசைத்தொகுப்பு, தியாகராஜரையும் பாஹையும் ஒரே மூச்சில் எண்ணிப் படைக்கப்பட்டது. எந்தக் காட்சிக்காகவும் எழுதப்படாதது. அதிலிருந்து எடுத்த பகுதிகளே ‘வீடு’ படத்தின் பின்னணி இசையாயின. நடுத்தரக் குடும்பத்துப் பெண் ஒருத்தி சிறு வீடொன்றைக் கட்டி எழுப்பப் படும் பாட்டுக்கு அருகில், தன் சொந்த ஒழுங்கில் கட்டியெழும்பும் தந்தியிசை செல்கிறது. அவளுக்காக இரங்கவும் இல்லை, அவளை ஊக்கப்படுத்தவும் இல்லை. காட்சிக்கென எழுதப்படாத இசை காட்சிக்கு இவ்வளவு பொருந்துவது, ஒவ்வோர் அசைவுக்கும் இசை வேண்டும் என்ற கொள்கைக்கு வலுவான மறுப்பு. அதே இயக்குநர் தூர்தர்ஷனுக்காக எடுத்த ‘சந்தியா ராகம்’ படத்தில் எல். வைத்தியநாதனின் சிக்கனமான இசை, முதியவரின் நடைக்கும் மௌனத்துக்கும் இடம் விட்டே ஒலிக்கிறது. வைத்தியநாதனைப் பற்றித் தமிழில் போதிய அளவு எழுதப்படவில்லை என்பது வருத்தத்துக்குரியது.

இன்றைய நிலையில் பொருட்செலவு குறித்த பழைய வாதம் வலுவிழந்துவிட்டது. ஒரு கணினியும் கீபோர்டும், வாத்தியங்களின் ஒலியைத் துணுக்குகளாகப் பதிந்து வைத்திருக்கும் சாம்பிள் தொகுப்புகளும் இருந்தால், அறுபது பேர் கொண்ட இசைக்குழுவின் சாயலை ஓர் அறையில் உருவாக்கிவிடலாம். இதன் விளைவாக ஒலி மலிந்தது. பல சிறிய படங்களில் முதற்காட்சி முதல் இறுதி வரை, ‘பேட்’ என்று கலைஞர்கள் அழைக்கும் நீண்ட மின்னணுச் சுரம் ஒன்று அடியில் ஓடிக்கொண்டே இருக்கிறது. படத்தொகுப்பின்போது தற்காலிகமாக வேறொரு படத்தின் இசையைப் போட்டுப் பார்த்து, இயக்குநரின் காது அதற்குப் பழகிப்போன பிறகு, ‘இதைப்போல’ ஒன்றைக் கேட்கும் வழக்கமும் பெருகியிருக்கிறது. அந்நிலையில் இசையமைப்பாளர் எடுக்க வேண்டிய முதல் முடிவு அவர் வருவதற்கு முன்பே எடுக்கப்பட்டுவிடுகிறது. இதற்கு மாற்று, அவரைப் படப்பிடிப்புக்கு முன்னரே திரைக்கதையோடு சேர்த்துக்கொள்வதும், ஒலி வடிவமைப்பாளரோடு ஒரே மேசையில் அமர்த்துவதும்தான். அதற்குக் கூடுதல் பணம் தேவையில்லை, நேரம் தேவை.

ஊதியத்தைப் பற்றியும் மறைக்காமல் பேச வேண்டும். சிறிய படத்தில் இசையமைப்பாளர் பெரும்பாலும் குறைந்த தொகைக்கு, சில வேளை நட்பின் பேரில், உழைக்கிறார். 2012ஆம் ஆண்டின் பதிப்புரிமைத் திருத்தச் சட்டம், திரையரங்கில் படத்தோடு சேர்ந்து ஒலிப்பது தவிர்த்த ஏனைய பயன்பாடுகளில் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் உரிய ராயல்டி பங்கை அவர்கள் விட்டுக்கொடுக்க முடியாத உரிமையாக்கியது. திரையரங்கில் ஒரு வாரம்கூட ஓடாமல், தொலைக்காட்சியிலும் ஓடிடி தளங்களிலுமே உயிர்வாழும் சுயாதீனப் படங்களுக்கு இது பெரிய படங்களைவிட நெருக்கமான செய்தி. ஆயினும் இரண்டு பக்க ஒப்பந்தமொன்று எழுதிக்கொள்வதைக்கூட நட்புக்கு இழுக்காகக் கருதும் மனநிலை இத்துறையில் நீடிக்கிறது. கலைஞர்களுக்குச் சங்கம் கட்டிய சீனிவாசனின் ஊரில் அது நீடிப்பது நியாயமன்று.

மறுபுறம், உலகத் திரைப்பட விழாக்களின் செல்வாக்கால் இசையின்மையே உயர்கலையின் அடையாளம் என்ற எண்ணமும் பரவி வருகிறது. யோசிக்காமல் நிரப்புவதைப் போலவே யோசிக்காமல் ஒழிப்பதும் வாய்பாடுதான். இவ்விடத்தில் பி.எஸ். வினோத்ராஜின் இரு படங்களையும் அடுத்தடுத்துக் கேட்பது பயனுடையது. 2021இல் ராட்டர்டாம் விழாவில் டைகர் விருது பெற்ற ‘கூழாங்கல்’ படத்தில், குடிகாரத் தகப்பனும் மகனும் வெயிலில் நடக்கும் நெடுவழியில் செருப்பற்ற காலும் காற்றும் மண்ணும்தான் பெரும்பாலும் கேட்கின்றன. யுவன் சங்கர் ராஜாவின் இசை அரிதாகவே வருகிறது. 2024இல் வந்த ‘கொட்டுக்காளி’யில் பின்னணி இசை அறவே இல்லை. பேய் பிடித்ததாகச் சொல்லி ஒரு பெண்ணைச் சாமியாடியிடம் அழைத்துச் செல்லும் குடும்பத்தின் பயணம் அது. அவள் வாய் திறப்பதே அரிது. ஷேர் ஆட்டோவின் உறுமல், பைக்குகள், கட்டிவைத்த சேவல், சுற்றியிருப்பவர்களின் ஓயாத பேச்சு ஆகியவற்றுக்கு நடுவே அவளுடைய மௌனம் கேட்கிறது. அதன்மேல் ஒரு குழலிசையைச் சேர்த்திருந்தால், அவள் என்ன உணர்கிறாள் என்பதைப் பார்வையாளருக்கு இன்னொருவர் சொல்லிவிட்டதாக ஆகியிருக்கும். அவளுக்காக எல்லோரும் பேசிக்கொண்டிருப்பதுதானே அவளுடைய துன்பம்.